அவசரக்காரக் கீரை

தோட்டம் போட ஆசைப்படும் பிள்ளைகள் பெரும்பாலும் முதலில் புதைப்பது மாங்கொட்டையைத்தான். அது காய்க்க வருஷக்கணக்கில் ஆகும். தக்காளி போட்டாலும் இரண்டு மூன்று மாதம் பொறுக்க வேண்டும். அவ்வளவு பொறுமை நமக்கு ஏது? விதைத்து 25 நாளில் சட்டிக்கு வந்துவிடும் செடி ஒன்று இருக்கிறது. அதுதான் முளைக்கீரை.

தண்டுக்கீரை, அரைக்கீரை, சிறுகீரை எல்லாம் முளைக்கீரைக்கு நெருங்கிய சொந்தம். வேலியோரம் தானாக முளைக்கும் குப்பைக்கீரையும், தொட்டால் குத்தும் முள்ளுக்கீரையும்கூட அதே வகையறாதான். தாவரவியலில் இவை அத்தனையும் ‘அமராந்தஸ்’ என்ற ஒரே பேரினத்தில் வருகின்றன. இவற்றில் சிலவற்றைக் காசு கொடுத்து வாங்குகிறோம். சிலவற்றைக் களை என்று பிடுங்கி எறிகிறோம்.

களைச்செடிக்கு யாரும் தண்ணீர் ஊற்றுவதில்லை, எரு போடுவதில்லை. போதாததற்குப் பார்க்கும்போதெல்லாம் பிடுங்குகிறோம். ஆனாலும் அது பிழைத்துக்கொள்கிறது. அதற்குச் சில குணங்கள் கைகொடுக்கின்றன. சட்டென்று முளைக்கும். வெயிலுக்குச் சளைக்காது. வெட்டினால் துளிர்க்கும். கணக்கில்லாமல் விதை போடும். அந்த விதையும் மண்ணுக்குள் பல ஆண்டு காத்துக் கிடக்கும். நம் வீட்டுக் கீரைக்கும் இதே குணங்கள் உண்டு. பாத்தியில் வைத்தே ஒவ்வொன்றாகப் பார்ப்போமா?

விதையிலிருந்து தொடங்குவோம்

முளைக்கீரை விதையில் ஒரு சிட்டிகை எடுத்து உள்ளங்கையில் போட்டுப் பாருங்கள். கறுப்பாக, பளபளப்பாக, ஏறக்குறைய 1 மில்லிமீட்டர் அகலத்தில் உருண்டு ஓடும். ஒரு கிராம் எடைக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட விதைகள் நிற்கும். (கடைப் பாக்கெட்டில் வரும் விதையில் மருந்து கலந்திருக்கலாம். தொட்ட பிறகு கையைச் சோப்பு போட்டுக் கழுவிவிடுங்கள்.)

இவ்வளவு சின்ன விதையை அப்படியே தூவினால் ஓரிடத்தில் குவியும், இன்னோர் இடம் வெறுமையாகக் கிடக்கும். அதனால்தான் விவசாயிகள் விதையோடு பல மடங்கு உலர்ந்த மணலைக் கலந்து தூவுகிறார்கள். மணல் பரவலாக விழும்போது விதையும் பரவலாக விழுந்துவிடும்.

பழைய டப்பாவோ, உடைந்த வாளியோ, பழப்பெட்டியோ எதுவானாலும் சரி. அரை அடி ஆழம் இருந்தால் போதும். அடியில் தண்ணீர் வடிய ஓட்டை வேண்டும். செம்மண், மணல், மக்கிய எரு மூன்றையும் கலந்து நிரப்புங்கள். விதையைத் தூவி, மேலே மெல்லியதாக மண் தூவினால் வேலை முடிந்தது. தண்ணீரைக் குடத்தால் ஊற்றினால் விதையெல்லாம் ஓரத்துக்கு ஓடிவிடும். பூவாளியால் தெளியுங்கள். எறும்பு வரிசை வருகிறதா என்று ஒரு கண் வையுங்கள். கீரை விதை என்றால் எறும்புக்குக் கொள்ளைப் பிரியம்.

சூடான நாட்களில் மூன்று முதல் ஐந்து நாளுக்குள் முளை எட்டிப் பார்க்கும்.

இதில் ஒரு சோதனை செய்யலாம். ஒரே அளவுள்ள இரண்டு டப்பாக்களில் எண்ணி இருபது இருபது விதை போடுங்கள். ஒன்றில் லேசாக மண் தூவுங்கள். மற்றொன்றில் மூன்று விரல் கனத்துக்கு மண்ணைப் போட்டு மூடுங்கள். இரண்டுக்கும் ஒரே அளவு தண்ணீர், ஒரே இடம். ஒரு வாரம் கழித்து எண்ணிப் பாருங்கள். ஆழத்தில் போட்டது தோற்றிருக்கும். முளைக்கும் குருத்து மண்ணைத் துளைத்து வெளிச்சத்துக்கு வரும்வரை, விதைக்குள் இருக்கும் சாப்பாட்டை வைத்துத்தான் வளர வேண்டும். அவரை விதையில் கட்டுச்சோறு நிறைய இருக்கிறது. அது ஆழத்திலிருந்தும் ஏறி வரும். கீரை விதையில் இருப்பதோ ஒரு வாய்தான்.

உச்சி வெயிலில் ஓய்வில்லை

பங்குனி, சித்திரை வெயிலில் மதியம் பல செடிகள் தொங்கிப் போகும். தண்டுக்கீரையோ அந்த வெயிலிலும் விறுவிறுவென்று வளரும். காரணம் அதன் இலைக்குள் இருக்கிறது.

இலையின் பரப்பில் கண்ணுக்குத் தெரியாத துளைகள் நிறைய உண்டு. செடிக்கு உணவு தயாரிக்கத் தேவையான கரியமில வாயு அந்த வழியாகத்தான் உள்ளே வரும். ஆனால் அதே வழியாகத் தண்ணீரும் ஆவியாக வெளியே போகும். வெயில் ஏறினால் தண்ணீரைக் காப்பாற்றச் செடி துளைகளைச் சுருக்கிக்கொள்ளும். உள்ளே கரியமில வாயு குறையும், ஆக்சிஜன் மிஞ்சும்.

அப்போதுதான் சிக்கல் வருகிறது. கரியமில வாயுவைப் பிடித்துச் சர்க்கரை ஆக்கும் வேலையைத் தொடங்கிவைப்பது ‘ரூபிஸ்கோ’ என்ற நொதி. இதற்கு ஒரு பலவீனம். சில சமயம் கரியமில வாயுவுக்குப் பதில் ஆக்சிஜனைப் பிடித்துக்கொள்ளும். அப்படிப் பிடித்தால் சர்க்கரை கிடைக்காது. ஏற்கெனவே சேர்த்த கார்பனில் கொஞ்சம் கையைவிட்டுப் போகும். வெப்பம் ஏற ஏற இந்தத் தவறும் அதிகமாகும். நெல், கத்தரி, தக்காளி எல்லாம் இந்த நஷ்டத்தைப் பொறுத்துக்கொண்டுதான் வளர்கின்றன.

கீரை வேறு வழி கண்டுபிடித்திருக்கிறது. கல்யாண வீட்டு வாசலில் ஒருவர் நின்று, வருபவர்களில் வேண்டியவரை மட்டும் கையைப் பிடித்துப் பந்திக்கு அழைத்துப் போவார் இல்லையா? அதுபோல இலையின் வெளிச் செல்களில் வேறொரு நொதி நிற்கிறது. அது ஆக்சிஜனைத் திரும்பியும் பார்க்காது. கரியமில வாயுவை மட்டும் பிடித்து, நான்கு கார்பன் அணுக்கள் கொண்ட அமிலமாக மாற்றி, நரம்பைச் சுற்றியுள்ள உள் செல்களுக்கு அனுப்பும். அங்கே போனதும் கரியமில வாயு மறுபடி வெளிப்படும். ரூபிஸ்கோ இருப்பது அந்த உள் செல்களில்தான். அதைச் சுற்றி கரியமில வாயு நிறைந்திருப்பதால் தவறு செய்ய வாய்ப்பே குறைவு.

நான்கு கார்பன் அமிலம் உருவாவதால் இதற்கு ‘சி4 முறை’ என்று பெயர். ஆஸ்திரேலியாவில் கரும்பை ஆராய்ந்த ஹேட்ச், ஸ்லாக் என்ற இரு விஞ்ஞானிகள் 1966-இல் இந்த வழியை விளக்கி எழுதினார்கள். கரும்பு, சோளம், கம்பு, மக்காச்சோளம் எல்லாம் சி4 செடிகள்தான். சி4 செடிகளில் பெரும்பாலானவை புல் இனம். அகன்ற இலையுள்ள செடிகளில் இந்த வித்தை தெரிந்தவை கொஞ்சம்தான். நம் கீரை அதில் ஒன்று.

இதை உங்கள் கண்ணாலேயே பார்க்கலாம். பச்சை முளைக்கீரை இலை ஒன்றையும் கத்தரி இலை ஒன்றையும் ஜன்னல் வெளிச்சத்துக்கு எதிரே பிடித்து, உருப்பெருக்கிக் கண்ணாடியால் பாருங்கள். (சூரியனை நேரே பார்க்கக் கூடாது.) கத்தரி இலையில் நுண்ணிய நரம்புகள் வெளிறித் தெரியும். கீரையில் நரம்பு வலை கரும்பச்சையாகத் தெரியும். நரம்பைச் சுற்றியிருக்கும் உள் செல்களில் பச்சையம் நெருக்கமாக இருப்பதே அதற்குக் காரணம்.

கிள்ளக் கிள்ளத் தழைப்பது எப்படி?

விதைத்த இருபது, இருபத்தைந்து நாளில் பாத்தி நெருக்கமாகிவிடும். அப்போது வேரோடு பிடுங்கிச் சமைப்பதுதான் முளைக்கீரை. இடைவெளி விட்டு வளரவிட்டால் தண்டு பருத்துத் தண்டுக்கீரை கிடைக்கும். அரைக்கீரையை மட்டும் வேரோடு பிடுங்க மாட்டோம். கிள்ளி எடுப்போம், அது மறுபடி துளிர்க்கும், மறுபடி கிள்ளுவோம். கோயம்புத்தூரில் உள்ள தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் வெளியிட்ட கீரை ரகங்களில் ‘கோ 3’ இப்படிப் பல முறை கிள்ளி அறுவடை செய்வதற்கென்றே வந்த ரகம்.

தண்டில் ஒவ்வோர் இலையும் ஒட்டியிருக்கும் இடுக்கில் ஒரு சின்ன மொட்டு இருக்கிறது. நுனி இருக்கும்வரை அந்த மொட்டுகள் பெரும்பாலும் தூங்கிக்கொண்டிருக்கும். நுனிக்குருத்து ‘ஆக்சின்’ என்ற ஹார்மோனைச் சுரந்து கீழே அனுப்புவதால், மொத்த வளர்ச்சியும் உச்சிக்கே போகிறது. நுனியைக் கிள்ளினால் அந்தத் தடை நீங்கும். இடுக்கு மொட்டுகள் கண்விழித்துக் கிளையாகும். ஒரு தண்டு இருந்த இடத்தில் இரண்டு, மூன்று கிளை வரும்.

திமான், ஸ்கூக் என்ற இருவர் 1933-இல் ஒரு வகை அவரைச் செடியில் இதைச் சோதித்தார்கள். நுனியை வெட்டினார்கள்; மொட்டுகள் வளர்ந்தன. நுனியை வெட்டிவிட்டு அந்த இடத்தில் ஆக்சினை வைத்தார்கள். மொட்டுகள் தூங்கியபடியே கிடந்தன. அதட்டி வைத்திருந்தது ஆக்சின்தான் என்பது தெரிந்துபோனது.

ஆகவே கிள்ளும்போது ஒன்றை மறக்காதீர்கள். தரையை ஒட்டி மொட்டையடித்தால் துளிர்க்க மொட்டே இராது. அடியில் இரண்டு மூன்று கணுவையாவது விட்டுக் கிள்ளுங்கள்.

பாத்தியில் இலை ஓட்டையாக இருந்தால் புரட்டிப் பாருங்கள், பச்சைப் புழு பதுங்கியிருக்கும். கையால் எடுத்துவிடலாம். அதிகமானால் வேப்பங்கொட்டைக் கரைசல் தெளிக்கலாம். இலையின் அடியில் வெள்ளைக் கொப்புளம் தெரிந்தால் அது வெண்துரு நோய். அந்த இலைகளைப் பறித்து அப்புறப்படுத்துங்கள்.

சிவப்பு நிறத்தின் ரகசியம்

களைக் குணங்களைக் கொஞ்சம் நிறுத்திவைத்து, நிறத்தைப் பார்ப்போம். சிவப்புத் தண்டுக்கீரையை வேகவைத்த தண்ணீர் இளஞ்சிவப்பாக இருக்கும். சங்குப்பூவைச் சுடுதண்ணீரில் போட்டால் நீலச் சாயம் இறங்கும். இரண்டும் செடியின் சாயம்தானே, ஒரே வகையாக இருக்குமோ? சோதித்துப் பார்க்கலாம். சுடுதண்ணீர் வேலை மட்டும் வீட்டுப் பெரியவர்கள் பொறுப்பு.

இரண்டு சாயநீரும் ஆறிய பிறகு தனித்தனி கண்ணாடி டம்ளரில் ஊற்றுங்கள். ஒவ்வொன்றிலும் சில சொட்டு எலுமிச்சைச் சாறு விடுங்கள். சங்குப்பூ நீர் நீலத்திலிருந்து ஊதாவாக மாறும். கீரை நீரில் பெரிதாக ஒன்றும் நடக்காது.

சங்குப்பூவில் இருப்பது ஆந்தோசயனின். மாதுளை, கத்தரிக்காய்த் தோல், செம்பருத்தி எல்லாவற்றிலும் அதுதான். புளிப்பு பட்டால் நிறம் மாறும். சிவப்புக் கீரையில் இருப்பது பீட்டாலைன் என்ற வேறு சாயம். பீட்ரூட், காகிதப்பூ, அந்திமந்தாரை, கோழிக்கொண்டை, டிராகன் பழம் இவற்றின் சிவப்பும் பீட்டாலைன்தான். பூக்கும் தாவரங்களில் இந்தச் சாயம் ஒரே ஒரு தாவரக் கூட்டத்தில் மட்டும் காணப்படுகிறது. ஆந்தோசயனின், பீட்டாலைன் இரண்டையும் சேர்த்துத் தயாரிக்கும் செடி எதுவும் இயற்கையில் இல்லை. ஏன் இப்படி என்பது தாவர விஞ்ஞானிகள் இன்னும் ஆராயும் கேள்வி.

அடுப்படியில் கொஞ்சம் வேதியியல்

கீரையைக் கழுவிவிட்டு நறுக்க வேண்டும். நறுக்கிவிட்டுக் கழுவக் கூடாது. வைட்டமின் சி தண்ணீரில் கரையும். நறுக்கிய விளிம்புகள் வழியாக அது கழுவும் நீரோடு போய்விடும்.

பச்சைக் கீரையை மூடாமல் வேகவைத்தால் நிறம் நன்றாக இருக்கும் என்று அம்மாவோ பாட்டியோ சொல்வார்கள். அதற்குக் காரணம் உண்டு. பச்சையத்தின் நடுவில் ஒரு மக்னீசியம் அணு இருக்கிறது. கீரை வேகும்போது இலைக்குள்ளிருந்து அமிலங்கள் வெளிவரும். அவை மக்னீசியத்தைத் தள்ளிவிட்டால் பச்சை மங்கிப் பழுப்பாகும். பாத்திரம் திறந்திருந்தால் ஆவியாகக்கூடிய அமிலங்கள் வெளியே போய்விடும். புளி சேர்த்துக் கடைந்த கீரை பழுப்புப் பச்சையாக இருப்பதும் இதே அமிலத்தின் வேலைதான்.

தாளிக்கும் எண்ணெயையும் சும்மா நினைக்காதீர்கள். கீரையில் உள்ள கரோட்டினை நம் உடல் வைட்டமின் ஏ ஆக மாற்றிக்கொள்ளும். கரோட்டின் தண்ணீரில் கரையாது, எண்ணெயில் கரையும். கொஞ்சம் எண்ணெய் இருந்தால்தான் குடல் அதை நன்றாக உறிஞ்சும். கீரையில் இருக்கும் இரும்புச்சத்து எளிதில் உடலில் சேராது. அதோடு நெல்லிக்காயோ, எலுமிச்சை பிழிந்த சாலட்டோ சாப்பிட்டால் கூடுதலாகச் சேரும்.

ஓர் எச்சரிக்கை. சாக்கடை ஓரத்திலோ, வண்டிப் புகை படியும் சாலையோரத்திலோ முளைத்த குப்பைக்கீரையைப் பறிக்காதீர்கள். அந்த மண்ணில் இருக்கும் நச்சு உலோகங்கள் இலைக்கும் வந்துவிடலாம். எந்தக் கீரையாக இருந்தாலும் தெரிந்த பெரியவர்களிடம் காட்டிய பிறகே சமையலுக்கு.

மிஞ்சினால் என்ன செய்வது?

பாத்தி ஒரே நேரத்தில் தழைத்தால் அத்தனையும் ஒரே நாளில் தின்ன முடியாது. கீரையின் எடையில் பெரும்பகுதி தண்ணீர். பறித்ததும் அது ஆவியாகிச் செல்கள் தளர்வதால்தான் இலை வாடுகிறது. வேரோடு பிடுங்கியதை வேர் மட்டும் நனையும்படி தண்ணீரில் நிறுத்தினாலோ, ஈரத்துணியில் சுற்றினாலோ ஒரு நாள் தாங்கும்.

நீண்ட நாள் வைக்க, காய்கறி வற்றல் போடும் முறையே உதவும். இலைகளைக் கொதிநீரில் ஓரிரு நிமிடம் போட்டெடுத்து, நிழலில் காற்றோட்டமாக உலர்த்த வேண்டும். கொதிநீர், இலையைக் கெடுக்கும் நொதிகளை முடக்கும். நிழல் எதற்கு? நேர் வெயில் கரோட்டினைச் சிதைத்துவிடும். தொட்டால் நொறுங்கும் பதம் வந்ததும் மூடியுள்ள டப்பாவில் போடலாம். ஈரம் இல்லாத இடத்தில் பூஞ்சையும் பாக்டீரியாவும் வளராது. ஆப்பிரிக்காவின் ஜிம்பாப்வே கிராமங்களில் இப்படி உலர்த்திய கீரையை ‘முஃபுஷ்வா’ என்பார்கள். மழையில்லாத மாதங்களுக்கு அதுதான் அவர்களுக்குக் கறி.

தூங்கும் விதைகள்

களைக் குணங்களில் விதையின் கதை இன்னும் பாக்கி இருக்கிறது. ஒரு செடியைப் பறிக்காமல் விட்டுவைத்தால் பூங்கதிர் நீளும். ஆண் பூவும் பெண் பூவும் தனித்தனி, எல்லாமே குட்டிக் குட்டிப் பூக்கள். மகரந்தத்தைப் பெரும்பாலும் காற்றே சுமந்து போகும். கதிரை உள்ளங்கையில் வைத்துத் தேய்த்தால் கறுப்பு விதை உதிரும் பதம் வந்ததும் அறுத்து, துணியில் பரப்பிக் காயவைத்துத் தட்டி, முறத்தில் புடைத்து எடுக்கலாம். நன்கு காய்ந்த விதையைச் சாம்பல் கலந்து மூடிவைப்பது பழைய வழக்கம். விதைக்குள் ஈரம் குறையக் குறைய அதன் ஆயுள் கூடும்.

கீரை விதை எவ்வளவு காலம் உயிரோடு இருக்கும்? அமெரிக்காவின் மிச்சிகனில் வில்லியம் பீல் என்ற தாவரவியல் பேராசிரியருக்குக் களை விதைகள் பற்றி இதே கேள்வி எழுந்தது. 1879-இல் 20 புட்டிகளில் மணலோடு விதைகளைக் கலந்து மண்ணில் புதைத்தார். ஒவ்வொரு புட்டியிலும் இருபதுக்கும் மேற்பட்ட களை வகைகள், வகைக்கு 50 விதை. குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு ஒரு முறை ஒரு புட்டியைத் தோண்டி எடுத்து முளைக்கிறதா என்று பார்க்க வேண்டும். அவர் காலத்துக்குப் பிறகும் அடுத்தடுத்த தலைமுறை விஞ்ஞானிகள் அந்த வேலையைத் தொடர்கிறார்கள். கடைசியாக 2021-இல் ஒரு புட்டியை எடுத்தார்கள். வெளிச்சம் பட்டாலே சில விதைகள் விழித்துக்கொள்ளும் என்பதால் இரவில் போய்த் தோண்டினார்கள். அந்தப் புட்டிகளில் நம் கீரையின் காட்டு உறவு ஒன்றும் இருந்தது. அதன் விதை 40 ஆண்டு கழித்தும் முளைத்தது.

இந்தத் தூக்கம் களைக்கு வரம், விவசாயிக்குத் தலைவலி. அமெரிக்கப் பருத்தி வயல்களில் ‘பால்மர் அமராந்த்’ என்ற கீரையினம் களைக்கொல்லிக்கும் அடங்காமல் பெருகுகிறது. ஒரு பெண் செடியே லட்சக்கணக்கில் விதை போடும்.

அதே பேரினத்தின் வேறு செடிகளின் விதையைத் தானியமாக்கிய மக்களும் உண்டு. மெக்சிகோவில் ஆஸ்டெக் அரசுக்கு ஊர்கள் கப்பமாகக் கட்டிய தானியங்களில் கீரை விதையும் ஒன்று. இன்றும் அங்கே அதைப் பொரித்துப் பாகு சேர்த்து ‘அலெக்ரியா’ என்ற மிட்டாய் செய்கிறார்கள். வட இந்தியாவில் ராஜ்கிரா என்றும் ராம்தானா என்றும் விற்கும் தானியம் இதுவே. விரத நாட்களில் அதில் லட்டு பிடிப்பார்கள். அரிசியிலும் கோதுமையிலும் குறைவாக உள்ள லைசின் என்ற அமினோ அமிலம் இதில் கூடுதல். இந்தத் தானிய வகைகளின் விதை கறுப்பாக இராது, வெளிறி இருக்கும். விதைத்ததும் முளைக்கும், தூங்காது. காட்டுச் செடியில் தூங்காத வெளிர் விதைகளையே தலைமுறை தலைமுறையாகப் பொறுக்கி விதைத்த உழவர்களின் வேலை அது.

இனி உங்கள் முறை. இந்த வாரமே ஒரு டப்பாவில் கீரை விதையுங்கள். விதைத்த தேதி, முளைத்த தேதி, கிள்ளிய தேதி எல்லாவற்றையும் ஒரு நோட்டில் குறித்து வாருங்கள். எல்லாவற்றையும் சமைத்துவிடாமல், நன்றாக வளர்ந்த ஒரே ஒரு செடியை விதைக்கு விடுங்கள். அந்த ஒரு செடி தரும் விதை உங்கள் வகுப்பில் எல்லோருக்கும் ஆளுக்கொரு பாத்தி போடப் போதும். பங்கு பிரித்துக் கொடுங்கள்!